காசும் கால்வாயும்: கல்கத்தா நீர்வழிகளின் பொருளியல் வரலாறு

உப்பை விற்று அதற்கு மாறாகப் பெற்ற நெல்லோடு திரும்பிய படகுகளைப் பட்டினப்பாலை காட்டுகிறது. அழகர்மலைத் தமிழ்ப் பிராமிக் கல்வெட்டுகள் உப்பு வணிகனையும் அறுவை வணிகனையும் கொழு வணிகனையும் சுட்டுகின்றன. புகலூர்க் கல்வெட்டில் கருவூர்ப் பொன்வாணிகன் இடம்பெறுகிறான். இச்சான்றுகளைத் தொகுத்துப் பண்டைத் தமிழரின் வணிகச் சிறப்பை நிறுவும் கட்டுரைகள் நம் ஆய்விதழ்களில் மிகுதி. அவற்றுள் பல, பண்டங்களின் பட்டியலோடும் அதனால் விளையும் பெருமிதத்தோடும் நின்றுவிடுகின்றன. அப்படகு சென்ற நீர்வழியைச் செப்பனிட்டவர் யார், அதற்குரிய பொருள் எங்கிருந்து வந்தது, வழி தூர்ந்தபோது இழப்பு யாரைச் சேர்ந்தது என்னும் வினாக்கள் அரிதாகவே எழுப்பப்படுகின்றன. சங்க காலத்தை நோக்கி இவ்வினாக்களைத் தொடுத்தால் விடை பகரப் போதிய சான்றில்லை. ஆவணங்கள் மிகுந்த அண்மைக் கால நகரம் ஒன்றை நோக்கித் தொடுத்தால் விடை கிடைக்கிறது. அவ்விடையைக் கொண்டு பழைய சான்றுகளை மீண்டும் நோக்கவும் இயலும். அத்தகைய நகராகக் கல்கத்தாவை இக்கட்டுரை எடுத்துக்கொள்கிறது. 2001ஆம் ஆண்டில் அந்நகரின் பெயர் கொல்கத்தா என மாற்றப்பட்டது. பேசப்படும் நிகழ்ச்சிகள் பெரும்பாலும் அதற்கு முற்பட்டவை ஆதலின் பழைய பெயரே இங்கு ஆளப்படுகிறது.

அகழி

கல்கத்தாவில் நகரத்தாரின் பொருளைக்கொண்டு வெட்டப்பட்ட முதற் பெரும் நீர்வெட்டு, வணிகத்திற்காக எழுந்ததன்று. 1742இல் நாகபுரி போன்சலேயின் மராத்தியக் குதிரைப்படை வங்கத்துள் புகுந்தது. வங்கத் தாலாட்டுகளில் இன்றும் ‘பர்கி’ என அச்சத்தோடு நினைக்கப்படுபவர் இவர்களே. நவாபு அலிவர்தி கானின் இசைவோடு நகரைச் சுற்றி ஏழு மைல் நீளத்திற்கு அகழி ஒன்று வெட்டத் திட்டமிடப்பட்டது. செலவை நகரத்தாரே ஏற்பதென்றும், கம்பெனியின் ஆட்சிக்குழு 25,000 ரூபாயை முன்பணமாகக் கடன் தருவதென்றும் முடிவாயிற்று. ஆறு திங்களில் மூன்று மைல் அளவே வெட்டப்பட்டது. படை வரவில்லை; பணியும் நின்றது. நகரத்து வெள்ளையரை ‘அகழிக்காரர்’ என்று பிறர் கேலி பேசும் வழக்கு மட்டும் நிலைத்தது. 1799இல் அவ்வகழியின் பெரும்பகுதி தூர்க்கப்பட்டு அதன்மேல் வட்டச்சாலை அமைந்தது.

சிறு நிகழ்ச்சியே எனினும், பின்னர் ஒரு நூற்றாண்டுக்கு மேல் நடந்தவற்றின் அமைப்பு இதில் வெளிப்பட்டுவிடுகிறது. வெட்டுவதற்குப் பொருள் திரட்டும் வழி உடனே காணப்படுகிறது. வெட்டியதைப் பேணுவதற்குப் பொருள் எங்கிருந்து வரும் என்பது பேசப்படுவதே இல்லை.

டாலியின் நாலா

கங்கையின் பழைய ஓட்டம் ‘ஆதி கங்கை’ எனப்படும். காளிகட்டம் அதன் கரையிலேயே உள்ளது. 15ஆம் நூற்றாண்டின் இறுதியில் விப்ரதாஸ் பிப்பிலாய் இயற்றிய மனசா விஜயம் என்னும் வங்க மங்கல காவியத்தில், சாந்த் சௌதாகர் என்னும் பெருவணிகனின் கலங்கள் இவ்வழியாகவே கடல் நோக்கிச் செல்கின்றன. நூலின் சில இடப்பெயர்கள் இடைச்செருகலாக இருக்கலாம் என்ற ஐயம் வங்க அறிஞரிடையே உண்டு. எனினும் இவ்வோட்டம் ஒரு காலத்தில் வணிக வழியாக விளங்கியது என்பதில் ஐயமில்லை. 18ஆம் நூற்றாண்டில் அது தூர்ந்து சிற்றோடையாய்ச் சுருங்கியிருந்தது.

1775இல் மேஜர் வில்லியம் டாலி என்பவர் இத்தூர்ந்த தடத்தைத் தம் சொந்தப் பொருளால் தோண்ட முன்வந்தார். ஹூக்ளியிலிருந்து கரியா வரை பழைய தடத்தையே ஆழப்படுத்தி, அங்கிருந்து சமுக்போதா வரை புதிதாக வெட்டி வித்யாதரி ஆற்றோடு இணைத்தார். ஏறத்தாழ 17 மைல் நீளமுள்ள அவ்வழி 1777இல் படகுகளுக்குத் திறந்துவிடப்பட்டது. செலவுக்கு ஈடாகக் கம்பெனி அவருக்குச் சுங்கம் தண்டும் உரிமையையும், கரையில் அங்காடி ஒன்று நிறுவும் உரிமையையும் வழங்கியது. அவ்வங்காடியே ‘டாலிகஞ்ச்’. வங்கத் திரைப்பட உலகை ‘டாலிவுட்’ என்று 1930களிலிருந்து வழங்கிவரும் பெயர், அங்கிருந்த படப்பிடிப்பு நிலையங்களால் வந்தது. சுங்கக் கால்வாய் வெட்டிய ஒருவரின் பெயர் திரைத்துறைக்கு ஒட்டிக்கொண்டது வரலாற்றின் விளையாட்டுகளுள் ஒன்று.

1780இல் வாரன் ஹேஸ்டிங்ஸ் தமது அலிப்பூர் பெல்வெடியர் மாளிகையை இதே டாலிக்கு விற்றார். கால்வாயின் வருவாயே அதற்கு உதவியது என்று சொல்லச் சான்றில்லை. ஆயினும் கால்வாயை வெட்டியவர் நகரின் தலைசிறந்த மாளிகைகளுள் ஒன்றை வாங்கும் நிலையில் இருந்தார் என்பது கருதத்தக்கது. 1953 முதல் அம்மாளிகை வளாகத்தில் தேசிய நூலகம் இயங்கிவருகிறது. பேராசிரியர் எஸ். வையாபுரிப்பிள்ளை அவர்களின் நூல்தொகுதி அந்நூலகத்திலேயே உள்ளது என்பதைத் தமிழாய்வாளர் அறிவர். அதனை நாடிக் கொல்கத்தா செல்வோர், அருகே கருநிறத்தில் தேங்கிக் கிடக்கும் ஓடையைக் கடந்தே செல்ல நேரலாம். அதுவே டாலியின் நாலா.

வட்டமும் சோழியும்

கால்வாய் வழியே பண்டம் வந்தது. அதற்கு எந்தக் காசில் விலை கொடுப்பது? இன்று எளிதாகத் தோன்றும் இவ்வினா அன்று மிகச் சிக்கலானது. வங்கத்தில் ‘சிக்கா’ ரூபாய், பழைய ஆண்டு முத்திரையுடைய ‘சனத்’ ரூபாய், இவற்றோடு நம் ஆற்காட்டு ரூபாய் எனப் பலவகை வெள்ளி நாணயங்கள் வழங்கின. கிழக்கு வங்கத்தில், சிறப்பாக டாக்காப் பகுதியில், ஆற்காட்டு ரூபாய் பெருவழக்காக இருந்தது. சென்னை மாகாணத்து ஊர் ஒன்றின் பெயர் தாங்கிய நாணயம் மேகனா ஆற்றங்கரையில் துணிக்கும் நெல்லுக்கும் விலையாக மாறியது, நாணயங்கள் மொழி எல்லைகளைப் பொருட்படுத்துவதில்லை என்பதற்கு நல்ல சான்று.

ஒரு நாணயத்தை மற்றொன்றாக மாற்றும்போது சராபுகள் கழிக்கும் தொகையை வங்கத்தில் ‘பட்டா’ என்றனர். தமிழில் இதற்கு ‘வட்டம்’ என்னும் சொல் உண்டு. நாணயம் அச்சிட்ட ஆண்டிலிருந்து காலம் செல்லச்செல்ல, வெள்ளி தேயாதிருப்பினும், அதன் மதிப்புக் குறைத்துக் கணக்கிடப்பட்டது. இதனால் நெல் விற்ற உழவனின் கையில் விலை சேர்வதற்குள் ஒரு பங்கு வட்டமாகக் கழிந்தது. சந்தையின் அடித்தட்டில் சோழியே காசு. மாலத்தீவிலிருந்து வந்த சோழிகளில் ஏறத்தாழ ஐயாயிரம் ஒரு ரூபாய்க்கு ஈடு. 1770களின் இறுதியில் சில்ஹெட்டின் தண்டலராக இருந்த இராபர்ட் லிண்ட்சே, அம்மாவட்டத்தின் நிலவரி முழுவதும் சோழியாகவே வந்ததையும், அதனைப் படகுகளில் ஏற்றி டாக்காவுக்கு அனுப்ப நேர்ந்ததையும் எழுதியுள்ளார். வரியைச் சுமக்கவே படகு வரிசை வேண்டியிருந்த நாடு அது. நீர்வழி, பண்டத்தோடு பணத்தையும் சுமந்தது என்பதை நினைவிற்கொண்டால் கால்வாய்க்கும் நாணயச் சீர்திருத்தத்திற்கும் உள்ள உறவு விளங்கும்.

தென்னகத்தின் நிலையும் எளிதாயில்லை. சென்னையில் 80 காசு ஒரு பணம், 42 பணம் ஒரு வராகன் என்று கணக்கிட்டனர். தமிழ்க் ‘காசு’ போர்த்துக்கீசியர் வழியாக ஆங்கிலத்தில் புகுந்து இச்சிறு நாணயத்தைக் குறிக்கும் சொல்லாக வழங்கியது அறிந்ததே. 1818இல் சென்னை அரசு வராகனை விடுத்து 180 கிரெய்ன் எடையுள்ள வெள்ளி ரூபாயை அளவையாக ஏற்றது. 17 ஆண்டுகளுக்குப் பின் கல்கத்தா ஏற்றுக்கொண்டதும் இவ்வெடையையே.

பிரின்செப் உடன்பிறந்தார்

கல்கத்தாவின் ஸ்டிராண்டு சாலையில் 1824இல் கால்கோளிடப்பட்டு 1829இல் இயங்கத் தொடங்கிய நாணயச்சாலை, ஏதென்சு நகரத்து மினர்வா கோயிலின் சாயலில் எழுப்பப்பட்டது. பொன் வெள்ளிகளின் மாற்றுப் பார்க்கும் அலுவலர் அங்கு இன்றியமையாதவர். அப்பொறுப்பை வகித்த இருவர் இந்தியவியலுக்கு ஆற்றிய பணி வியப்பளிக்கிறது. ஒருவர் ஹொரேஸ் ஹேமன் வில்சன். காலின் மெக்கன்சி 1821இல் மறைந்தபின் அவர் தொகுத்த சுவடிகளுக்கு விளக்க அட்டவணை எழுதி 1828இல் கல்கத்தாவில் வெளியிட்டவர் இவரே. நம் ஊர் வரலாறுகளுக்கும் ‘கைபீதுகளுக்கும்’ மூலமாகிய தென்னகச் சுவடிகள், பகலில் வெள்ளியின் மாற்றைச் சோதித்த ஒருவரால் வகைப்படுத்தப்பட்டன. 

மற்றொருவர் ஜேம்ஸ் பிரின்செப் (1799–1840). 1819இல் வில்சனுக்குத் துணைவராக வந்து, 1820 முதல் 1830 வரை காசி நாணயச்சாலையில் பணியாற்றினார். காசி நகருக்குக் கழிவுநீர்ச் சுரங்கம் அமைத்தவரும் இவர். காசி நாணயச்சாலை மூடப்பட்டதும் கல்கத்தாவுக்குத் திரும்பினார். அவ்வாண்டிலேயே, ஹூக்ளியைச் சுந்தரவனத்து நீர்வழிகளோடு இணைக்கும் கால்வாய்ப் பணியை மேற்பார்த்துவந்த அவருடைய உடன்பிறந்தார் தாமஸ் பிரின்செப் குதிரையிலிருந்து வீழ்ந்து இறந்தார். நின்றுபோன பணியை முடிக்கும் பொறுப்பு ஜேம்சிடம் வந்தது. மதகுகளோடு கூடிய அக்கால்வாயை அவர் 1830களின் தொடக்கத்தில் முடித்துத் தந்தார். நகரின் வடக்கே சிட்பூரில் ஹூக்ளியிலிருந்து பிரிந்து, கிழக்கெல்லையை வளைத்துப் பெலியாகாட்டா நோக்கிச் செல்லும் சர்க்குலர் கால்வாய் இப்பணியின் பகுதியாகும்.

இங்குச் சில ஆண்டுகளை அடுத்தடுத்து வைத்துப் பார்க்கவேண்டும். 1833இன் ஏழாம் ஒழுங்குவிதி 180 கிரெய்னை ஒரு தோலாவாக வரையறுத்து, 80 தோலா ஒரு சேர், 40 சேர் ஒரு மணங்கு என்று எடையளவைகளை ஒழுங்குபடுத்தியது. 1835இன் 17ஆம் சட்டம் அதே 180 கிரெய்னை ரூபாயின் எடையாக்கிக் கம்பெனி ஆட்சிப் பரப்பு முழுமைக்கும் ஒரே நாணயத்தை நிறுவியது. பன்னிரண்டில் பதினொரு பங்கு தூய வெள்ளி. 1838 முதல் சிக்கா ரூபாய் செல்லாதாயிற்று. இவ்விரு சீர்திருத்தங்களுக்கும் பிரின்செப் பெரிதும் உழைத்தார். இதன்படி ஒரு மணங்கு அரிசி என்பது 3,200 ரூபாயின் எடை. பாரிசாலிலிருந்து கால்வாய் வழியே வந்த பாலாம் அரிசியின் எடையும் விலையும் இப்போது ஒரே வெள்ளித்துண்டைக் கொண்டு கூறப்படலாயின. சராபின் வட்டம் அறவே நீங்கவில்லை. ஆயினும் அதன் இடம் சுருங்கியது. பொருளியல் வளர்ச்சி என்று பொதுவாகச் சொல்லப்படுவதன் உள்ளியக்கம் இத்தகைய சிறு மாற்றங்களில்தான் காணக்கிடக்கிறது என்பது இக்கட்டுரையாளரின் கருத்து.

1837இல் பிரின்செப், சாஞ்சித் தூண்களின் கொடைக் குறிப்புகளில் இறுதியில் மீண்டும் மீண்டும் வரும் எழுத்துகள் ‘தானம்’ என்னும் சொல்லைக் குறிக்கலாம் என்று ஊகித்துப் பிராமியின் நெடுங்கணக்கை மீட்டார். நாணயங்களின் எழுத்துகளைப் பல்லாண்டுகள் கூர்ந்து நோக்கிய பயிற்சியே அவரை இதற்கு ஆயத்தப்படுத்தியது. மாங்குளம் கல்வெட்டுகள் 1882இல் இராபர்ட் சீவலால் கண்டறியப்பட்டதும், 1924இல் கே.வி. சுப்பிரமணிய ஐயர் அவற்றின் மொழி தமிழே என நிறுவியதும், ஐராவதம் மகாதேவனின் 2003ஆம் ஆண்டுப் பெருந்தொகுப்பும் அம்மீட்பின் மேல் எழுந்தவை. கட்டுரையின் தொடக்கத்தில் குறித்த உப்பு வணிகனையும் பொன்வாணிகனையும் நாம் இன்று படிக்க முடிவதற்கு, கல்கத்தாவில் காசையும் கால்வாயையும் ஒருங்கே கவனித்த ஒருவர் மூலகாரணராகிறார்.

பரிசுச்சீட்டும் வங்கியும்

கால்வாய்களுக்கும் சாலைகளுக்கும் பொருள் திரட்டக் கல்கத்தா கண்ட வழி பரிசுச்சீட்டு. வெல்லெஸ்லி 1803இல் அமைத்த நகர மேம்பாட்டுக் குழுவைத் தொடர்ந்து, 1817இல் ‘லாட்டரிக் குழு’ என்னும் பெயரிலேயே ஒரு குழு நிறுவப்பட்டது. நகர மண்டபம், பெலியாகாட்டாக் கால்வாய், ஸ்டிராண்டு சாலை, கல்லூரித் தெரு, கார்ன்வாலிஸ் தெரு முதலியவை சீட்டு விற்ற பொருளால் உருவாயின. சூதின் வருவாயில் நகர் அமைப்பது தகாது என்று இங்கிலாந்தில் எழுந்த கண்டனத்தால் 1836இல் அது கைவிடப்பட்டது. வரி விதித்தால் எதிர்ப்பு எழும், கடன் வாங்கினால் வட்டி கட்டவேண்டும், சீட்டை மக்கள் விரும்பியே வாங்குவர் என்பது அன்றைய ஆட்சியாளரின் கணக்கு.

அப்படியாயின் வங்கிகள் என்ன செய்தன? 1806இல் தோன்றிய கல்கத்தா வங்கி 1809இல் 50 லட்சம் சிக்கா ரூபாய் முதலோடு வங்காள வங்கி ஆயிற்று. முதலில் ஐந்தில் ஒரு பங்கு அரசினுடையது. 1921இல் பம்பாய், சென்னை வங்கிகளோடு இணைந்து இம்பீரியல் வங்கியாகவும், 1955இல் பாரத ஸ்டேட் வங்கியாகவும் மாறியது இதுவே. வெல்லெஸ்லியின் போர்ச் செலவுகளால் ஏற்பட்ட பணமுடையே இதன் தோற்றத்திற்குப் பெருங்காரணம். மண்ணை வெட்டும் பணி இத்தகைய வங்கிக்கு உகந்த முதலீடாகத் தோன்றவில்லை. துவாரகநாத் தாகூர் முதலியோர் ஈடுபட்ட யூனியன் வங்கி (1829) அவுரி வணிகத்தில் முதலை முடக்கி, அவர் மறைந்த ஈராண்டுகளுக்குள் 1848இல் வீழ்ந்தது. அவ்வீழ்ச்சிக்குப் பின் வங்காளிச் செல்வர் பலர் தொழில் முதலீட்டைத் தவிர்த்து நிலத்தில் பொருளை இடத் தலைப்பட்டனர் என்பது பொருளியல் வரலாற்றாசிரியர் பலரின் கருத்து. நீராவிக் கப்பல் தொழில் அயலார் கைக்குச் சென்றது. 1856இல் கல்கத்தாவை மையமாகக்கொண்டு எழுந்த கப்பல் நிறுவனமே பின்னர்ப் பிரிட்டிஷ் இந்தியா நிறுவனம் எனப் பெயர்பெற்றது. 1906இல் பங்கு ஒன்று 25 ரூபாயாக 10 லட்சம் ரூபாய் முதல் திரட்ட முனைந்து வ.உ. சிதம்பரனார் தூத்துக்குடியில் எதிர்த்து நின்றது அந்நிறுவனத்தையே.

சுங்க வருவாயைக்கொண்டு கால்வாய்கள் பெருகின. 1859இல் உல்டாடாங்காவிலிருந்து தாப்பா வரை ‘புதுவெட்டு’, நூற்றாண்டின் இறுதியில் பாங்கர் கால்வாய், 1910இல் கிருஷ்ணபூர்க் கால்வாய் என விரிந்த இவ்வமைப்பு ‘கல்கத்தா கிழக்குக் கால்வாய்கள்’ எனப்பட்டது. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அதன் மொத்த நீளம் 1,127 மைல். அதில் வெட்டப்பட்டது 47 மைல் மட்டுமே. எஞ்சியவை இயற்கையான கழிமுகக் கிளைகள். ஆண்டுக்கு ஏறத்தாழ 10 லட்சம் டன் சரக்கு இவ்வழியே சென்றது. அரிசி, சணல், சுந்தரவனத்து விறகு, கூரை வேயும் கோல்பத்தா ஓலை, மீன் ஆகியன நகருக்கு வந்தன. உப்பும் துணியும் உள்நாடு சென்றன. அவ்வுப்பில் சோழமண்டலக் கரையில் விளைந்ததும் உண்டு. 1772 முதல் கம்பெனியின் தனியுரிமையாக இருந்த வங்க உப்பை விளைத்த மலங்கிகள், லிவர்பூல் உப்பின் வரவால் 1860களுக்குள் தொழில் இழந்தனர். உப்புப் படகு சென்ற அதே வழியில் அவர்கள் கூலி தேடி நகருக்கு வந்திருத்தல் கூடும்.

வண்டலின் கணக்கு

47 மைல் வெட்டி 1,127 மைல் நீர்வழிக்குச் சுங்கம் தண்டியது பேரூதியமாகத் தோன்றும். அதன் மறுபக்கம் வண்டல். வித்யாதரி ஆறு, கடல் ஏற்றத்தின்போது உட்புகும் நீர் உப்பு ஏரிகளில் பரவி, இறக்கத்தின்போது விசையோடு திரும்புவதால் தன் தடத்தைத் தானே அரித்து ஆழப்படுத்திக்கொண்டது. ஏற்றநீர் பரவும் வெளி சுருங்கினால் திரும்பும் விசை குறையும், வண்டல் படியும். கால்வாய்களும் மதகுகளும் மேட்டுநீரைத் தடுத்தன. கரைகட்டி நிலம் மீட்போர் பரவுவெளியைச் சுருக்கினர். நகரின் கழிவுநீரும் அவ்வாற்றிலேயே விடப்பட்டது. 1928இல் வித்யாதரி இறந்துவிட்டதாக அரசே அறிவித்தது. ஆற்றுக்கு இறப்புச் சான்று வழங்கும் வழக்கம் நம் இலக்கியங்களில் இல்லை. அரசுக் கோப்புகளில் உண்டு.

இங்குச் சோழர் காலக் கல்வெட்டுகளோடு ஓர் ஒப்புமை தேவைப்படுகிறது. முதற் பராந்தகன் காலத்து உத்திரமேரூர்க் கல்வெட்டுகள் (919, 921) ஏரிவாரியத்தை ஓராண்டுப் பொறுப்புடைய குழுவாகக் காட்டுகின்றன. ஏரிக்குக் கொடுத்த கொடைகளைக் குறிக்கும் கல்வெட்டுகளில், சபையிடம் பொன்னை முதலாக வைத்து, முதல் கெடாமல் அதன் பொலிசையைக்கொண்டு ஆண்டுதோறும் குழி குத்தவும் ஓடங்களால் வண்டலை அகற்றவும் ஏற்பாடு செய்த செய்திகள் காணப்படுகின்றன. அங்குக் காசு, தூர் வாருவதற்காக முடக்கப்பட்டது; கல்கத்தாவில் வெட்டுவதற்காகத் திரட்டப்பட்டது. கொடையாளி ஏரியிலிருந்து சுங்கம் எதிர்பார்க்கவில்லை, புண்ணியம் எதிர்பார்த்தான். இதனைக் கொண்டு சோழர் ஆட்சியைப் பொற்காலம் என்று கூறிவிடலாகாது. வாரியத்தில் அமர நிலவுடைமையும் வேதக்கல்வியும் தகுதிகளாயிருந்தன. வண்டல் சுமந்தவனுக்கு அதில் இடமில்லை. எனினும் கணக்கேட்டில் வண்டலுக்கு ஒரு வரி ஒதுக்கப்பட்டிருந்தது என்பது மறுக்கவியலாதது.

சென்னைக்கு வந்த கணக்கு

கல்கத்தாவின் கணக்கு முறை கடல் கடந்து தமிழகத்தைத் தொட்ட நிகழ்ச்சியும் உண்டு. 1873–74இல் பீகாரிலும் வங்கத்திலும் பஞ்சம் நேர்ந்தபோது ரிச்சர்டு டெம்பிள் பர்மாவிலிருந்து பெருமளவு அரிசி இறக்குமதி செய்தார். இறந்தோர் மிகச் சிலரே. ஆனால் வீண்செலவு செய்தார் என்ற பழி அவரைச் சூழ்ந்தது. 1877 தொடக்கத்தில் தாது வருடப் பஞ்சத்தால் வாடிய சென்னை மாகாணத்தைப் பார்வையிட வைசிராய் லிட்டன் அவரையே அனுப்பினார். பழியைத் துடைக்க விரும்பிய டெம்பிள், நிவாரணப் பணியாளரின் நாட்கூலிக்குரிய தானியத்தை ஒன்றரை பவுண்டிலிருந்து ஒரு பவுண்டாகக் குறைத்தார். மாகாண நலவாழ்வு ஆணையர் கார்னிஷ் இதனைக் கடுமையாக எதிர்த்தார். எதிர்ப்புக்குப் பின் அளவு உயர்த்தப்பட்டது. அப்பஞ்சத்தில் மாண்டோர் பிரிட்டிஷ் ஆட்சிப் பகுதிகளில் 50 லட்சத்திற்கும் மேல்.

பக்கிங்காம் கால்வாயின் வரலாறு இதனோடு பிணைந்தது. 1806இல் பாசில் காக்ரேன் என்னும் வணிகர் சென்னையிலிருந்து எண்ணூர் வரை தம் பொருளால் வெட்டிச் சுங்கம் தண்டிய 11 மைல் கால்வாய், டாலியின் நாலாவுக்கு உடன்பிறப்புப் போன்றது. 1837இல் அரசு அதனை ஏற்றது. வடக்கும் தெற்குமாக நீண்ட அவ்வழியில், கூவத்தையும் அடையாற்றையும் இணைக்கும் பகுதி 1877–78இல் பஞ்ச நிவாரணப் பணியாக வெட்டப்பட்டது. அன்றைய ஆளுநர் பக்கிங்காம் கோமகனின் பெயரும் இடப்பட்டது. டாலி தம் பொருளை இட்டார், கல்கத்தா மக்கள் சீட்டுக்குக் காசு தந்தனர். சென்னைக் கால்வாயின் இப்பகுதிக்குப் பசித்தவரின் உடலே முதலாயிற்று.

கால்வாயா இருப்புப்பாதையா என்னும் வழக்கு அப்போதே உச்சத்தை அடைந்திருந்தது. 1849 முதல் இருப்புப்பாதை நிறுவனங்களின் பங்குதாரர்க்கு நூற்றுக்கு ஐந்து வட்டி உறுதியளிக்கப்பட்டது. நட்டம் நேரின் ஈடுசெய்வது இந்திய வரிப்பணம். கொள்ளிட மேலணைக்கும் கோதாவரி அணைக்கட்டுக்கும் உரிய ஆர்தர் காட்டன், 1878இல் பிரிட்டிஷ் பாராளுமன்றத் தேர்வுக்குழுவின் முன், மலிவான நீர்வழிகளைப் புறக்கணித்து இருப்புப்பாதைக்குப் பணத்தைக் கொட்டுவதாக வாதிட்டார். அவருடைய மதிப்பீடுகள் மிகையானவை என்பது உண்மை. அவருடைய கருத்தைச் சோதிக்க வகுத்த கர்நூல்–கடப்பைக் கால்வாயும், ஒரிசா, மிதுனபுரிக் கால்வாய்களும் தனியார் நிறுவனங்களுக்கு ஊதியம் தராமல் அரசின் கைக்கு வந்தன. ஆனால் இருப்புப்பாதை வட்டி உறுதியைப் பெற்றே ஓடியது என்பதையும் அதனோடு சேர்த்து நோக்கவேண்டும். கல்கத்தாவில் 1862இல் குஷ்டியா வரை தொடர்வண்டி ஓடியது. கால்வாய்களின் சரக்கு உடனே குறைந்துவிடவில்லை; மெல்ல இழந்த சரக்கோடு சுங்கமும் குறைந்தது, சுங்கத்தோடு தூர்வாரலும் குறைந்தது.

தூண்கள்

1947இல் சரக்கு விளைந்த நிலம் வேறு நாடாயிற்று. 1965 போருக்குப் பின் ஆற்றுப் போக்குவரத்து முற்றும் நின்றது. 1972இல் வங்கதேசத்தோடு உள்நாட்டு நீர்வழி ஒப்பந்தம் ஏற்பட்டபின் ஹூக்ளி வழியாக அது மீண்டும் தொடங்கியபோதும் நகரக் கால்வாய்களுக்குப் படகுகள் திரும்பவில்லை. உப்பு ஏரிகளின் வடபகுதியை 1960களில் ஹூக்ளியில் வாரிய வண்டலைக்கொண்டு தூர்த்துப் புதுநகர் அமைத்தனர். ஆற்றுத் துறைமுகத்தைக் காக்க எடுத்த வண்டல், ஆற்றைக் காத்த ஏரியை மூடியது.

எஞ்சிய 12,500 ஹெக்டேர் சதுப்பில், வித்யாதரி இறந்தபின் நகரின் கழிவுநீரைப் பேடிகள் என்னும் மீன் குளங்களில் தேக்கி மீன் வளர்க்கும் முறை பரவியது. கதிரவன் ஒளியும் பாசியும் கழிவைத் தூய்மையாக்குகின்றன. நகருக்கு மீனும் கிடைக்கிறது. தூர்ந்த நீர்வழியின் மேல் எளிய மக்கள் தாமே கண்ட இப்பொருளியலை எந்த முதலீட்டாளரும் திட்டமிடவில்லை. சூழலியலாளர் துருவஜோதி கோஷ் பல்லாண்டு உழைத்து இதன் மதிப்பை உணர்த்தியதன் பயனாக 2002இல் அப்பகுதி ராம்சர் பட்டியலில் இடம்பெற்றது.

டாலியின் நாலாவுக்கு அத்தகைய பேறு கிட்டவில்லை. டாலிகஞ்சிலிருந்து தெற்கே நீட்டிக்கப்பட்ட மெட்ரோ தொடர்வண்டிப் பாதைக்காக அதன் தடத்தினுள் ஏறத்தாழ 300 தூண்கள் நடப்பட்டன. 2009இல் வண்டி ஓடத் தொடங்கியது. சென்னையில் கடற்கரையிலிருந்து சேப்பாக்கம் வரை 1995இலும், மயிலாப்பூர் வரை 1997இலும், வேளச்சேரி வரை 2007இலும் திறக்கப்பட்ட பறக்கும் தொடர்வண்டிப் பாதையின் தூண்கள் பக்கிங்காம் கால்வாயில் நிற்கின்றன. நிலம் கையகப்படுத்தும் செலவு இல்லை என்பதே ஈரிடத்தும் இவ்வழியின் கவர்ச்சி. 1989ஆம் ஆண்டின் இருப்புப்பாதைச் சட்டம் 11ஆம் பிரிவில், பிற சட்டங்கள் எவ்வாறிருப்பினும் இருப்புப்பாதைத் துறை கட்டுமானம் எழுப்பலாம் என்று இடங்களை அடுக்குகிறது. தெருக்கள், மலைகள், பள்ளத்தாக்குகள், சாலைகள் ஆகியவற்றோடு ஆறுகளும் கால்வாய்களும் அவ்வரிசையில் உள்ளன.